பத்த வைக்காத அடுப்பு

குழந்தைகள் நல ஆபீஸ்ல இருந்து வந்த மிஸ் பெரி, அடுப்பு மேல விரல வச்சு இழுத்துப் பார்த்தா. கம்பெனிக்காரன் ஒட்டி அனுப்பின பிளாஸ்டிக் தாளே இன்னும் உரிக்காம இருந்துச்சு.

"இங்க சமைக்கிறதே இல்லையா?"

"சமைப்போமே. நான் கொஞ்சம் சுத்தம் பார்க்கிறவ," ன்னா ஒடீலியா.

அமெரிக்காவுல ஃபால் ரிவர் ஊர்ல அந்தத் தெரு முழுக்க போர்ச்சுகல் தீவுகள்ல இருந்து வந்த குடும்பங்கதான். மேல இருக்கிற சமையல்கட்டு விருந்தாளி கண்ணுக்கு. பொங்குறது, திங்கிறது, சண்டை போடுறது எல்லாம் கீழ பேஸ்மென்ட்லதான். ஒடீலியா புருஷன் குழாய் வேலைக்காரன். கீழ அவனே கேஸ் இழுத்து அடுப்பு வச்சிருந்தான், நகராட்சியில பெர்மிட் வாங்காம.

அது தெரிஞ்சா தங்கச்சி மக லீடியா கையை விட்டுப் போயிடுவா. தங்கச்சி கார் விபத்துல போய்ச் சேர்ந்ததுல இருந்து அந்த நாலு வயசுப் புள்ள இங்கதான் வளர்றா. இங்கயே இருக்கலாமா, இல்ல முன்ன பின்ன தெரியாத யார் வீட்டுக்காவது போகணுமான்னு மிஸ் பெரிதான் எழுதித் தரணும்.

அவ வந்த விதமே சரியில்ல. முன்வாசல்ல மணி அடிக்காம, பக்கத்துச் சந்து வழியா சுத்தி வந்து கீழ்க்கதவத் தட்டினா. உளவு பார்க்கத்தான் வந்திருக்கான்னு ஒடீலியா நெனச்சா. கதவப் பின்னால இழுத்துச் சாத்திட்டு, முன்பக்கமா கூட்டிட்டு வந்தா.

இப்ப மிஸ் பெரி ஃப்ரிட்ஜத் திறந்தா. உள்ள ஒரே ஒரு எலுமிச்சம்பழம்.

லீடியா பிளாஸ்டிக் உறை போட்ட சோஃபா நுனியில, யாரோ வீட்டுக்கு வந்தவ மாதிரி உட்கார்ந்திருந்தா. குடிக்கக் கொஞ்சம் தண்ணி கொண்டு வரியான்னு மிஸ் பெரி அவகிட்ட கேட்டா.

புள்ள எழுந்து அலமாரி அலமாரியா திறந்துச்சு. ஒண்ணுல பீங்கான் பொம்மை, இன்னொண்ணுல கல்யாணத்துக்கு வந்த தட்டு. டம்ளர் எங்க இருக்குன்னு வீட்டுப் புள்ளைக்கே தெரியல.

"பெரியம்மா, கப்பெல்லாம் கீழ இருக்கு."

மிஸ் பெரி திரும்பினா. "கீழ என்ன இருக்கு?"

"வாஷிங் மிஷின்," ன்னா ஒடீலியா.

"சூப்பும் இருக்கு," ன்னா லீடியா. ஓடிப் போய் உள்படிக் கதவத் திறந்தும் விட்டா. கீரையும் பன்னித்தொத்திறைச்சியும் கொதிக்கிற வாசனை குப்புன்னு மேல ஏறுச்சு.

மிஸ் பெரி கீழ இறங்கினா. ஒடீலியாவும் பின்னாலயே போனா.

கீழ நீள மேசை, அதுல காலையில சாப்பிட்ட ரொட்டித் தூள். ஃப்ரிட்ஜ் மேல பூரா லீடியா கிறுக்கின படம். மிஸ் பெரி எதையும் பார்க்கல. கேஸ் குழாயையே கண்ணால தொடர்ந்து போய், அது சுவருக்குள்ள நுழையிற இடத்துல நின்னுட்டா.

ஒடீலியாவால தாங்க முடியல. "என்ன அபராதம் வேணும்னாலும் போடுங்க. அடுப்ப இன்னைக்கே பேத்து எடுத்துடறோம். புள்ளைய மட்டும் கூட்டிட்டுப் போயிடாதீங்க."

மிஸ் பெரி பையக் கீழ வச்சா. நாற்காலிய இழுத்துப் போட்டு லீடியா பக்கத்துல உட்கார்ந்தா. அதுவரைக்கும் இங்கிலீஷ்லயே பேசிக்கிட்டிருந்தவ, அசல் தீவுப் பேச்சுல சொன்னா:

"எங்க அம்மா வீட்டுக் கீழ் அடுப்புக்கும் பெர்மிட் கிடையாதுக்கா."