கோணல் ஸ்ட்ராபெர்ரி

"எதிர்வீட்டுக்காரன் நல்லா இருப்பானா?"

கையிலிருந்த ஸ்ட்ராபெர்ரியைக் கணவனின் மூக்குக்கு நேராக நீட்டினாள் அவள். ஒரு பக்கம் உப்பி, மறுபக்கம் சூம்பி, காது மடல் மாதிரி மடங்கியிருந்தது பழம்.

பஸ் ஓட்டிவிட்டு அப்போதுதான் வந்திருந்த அவன் ஷூவைக் கழற்றியபடியே கேட்டான்.

"பழம் கோணலா இருந்தா அதுக்கு அவன் என்ன பண்ணுவான்?"

"தேனீக்கூட்டை எடுத்தது யாரு? அவன்தானே!"

அது என்னவோ உண்மைதான்.

மூன்றாவது மாடி வராந்தாவின் கடைசியில் வெயில் விழுகிற ஜன்னல் ஒன்று உண்டு. அதன் அடியில்தான் அவளுடைய தொட்டிகள். வருஷம் முழுக்கக் காய்க்கிற ரகம் என்று சொல்லித் தங்கை கொடுத்த நாற்றுகள். பல் டாக்டரின் கிளினிக்கில் வரவேற்பு மேஜை அவளுக்கு. நாள் முழுக்க வீங்கிய கன்னங்களையே பார்த்துவிட்டு வருகிறவளுக்கு அந்த வெள்ளைப் பூக்களைப் பார்த்தால்தான் மனசு லேசாகும்.

ஜன்னலுக்கு வெளியே சன்ஷேடின் கீழ் தேனீக்கள் கூடு கட்டியிருந்தன. போன மாசம், எதிர்வீட்டு லிஃப்ட் மெக்கானிக் ஓர் ஆளைக் கூட்டிவந்து, கூட்டை அப்படியே பெட்டியில் வைத்து அனுப்பிவிட்டான்.

"அதுபாட்டுக்கு இருந்த தேனீ அவனை என்ன பண்ணுச்சு? கேட்டா, 'இங்க இருக்க வேண்டாம்க்கா'ன்னு ஒத்தை வார்த்தை. பட்டுனு கதவைச் சாத்திக்கிட்டான்."

"பூ வெச்சா பழம் தானா வராதா?"

"வரும், இந்த லட்சணத்துல! தேனீ வந்து பூமேல புரண்டாத்தான் நடுவுல எல்லா இடத்துலயும் மகரந்தம் ஒட்டும். ஒட்டாத பக்கம் சூம்பிடும். தங்கச்சி சொன்னா."

"நல்லவேளை, என் பஸ்ஸுக்கு தேனீ தேவையில்ல" என்றபடி குளிக்கப் போய்விட்டான் அவன்.

அடுத்த தடவை வைத்த பூக்களில்தான் அந்த அதிசயம் நடந்தது.

பிஞ்சுகள் ஒன்றுகூடக் கோணவில்லை. எல்லாம் கூம்பு கூம்பாக, மூக்கும் முழியுமாகத் திரண்டு வந்தன. அவள் தொட்டியைச் சுற்றிச் சுற்றி வந்தாள்.

"வேற எங்கேருந்தாவது தேனீ வருதோ?"

அதைக் கண்டுபிடிக்கவென்றே ஒரு விடுமுறை நாளில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்தாள். காலை முழுக்கக் காத்திருந்ததில் ஒரே ஒரு ஈ வந்தது. அதுவும் வழி தவறி.

"காத்துல ஒட்டியிருக்கும்" என்றான் கணவன்.

"இந்த ஜன்னல்ல ஏதுங்க காத்து?"

"அப்போ உன் வாய்தான். நீ எதிர்வீட்டைத் திட்டற வேகத்துல பூவெல்லாம் ஆடியிருக்கும்."

அவள் சிரிக்கவில்லை. ஆனால் பழங்கள் சிவந்ததும் பறித்து, ஒரு கிண்ணத்தில் போட்டுக்கொண்டு அந்த மாடியில் இருந்த ஒவ்வொரு வீட்டுக் கதவையும் தட்டினாள். எதிர்வீட்டை மட்டும் தாண்டிப் போனாள்.

அந்த நேரம் பார்த்து டூல்ஸ் பையோடு படியேறி வந்தான் மெக்கானிக். கிண்ணத்தைப் பார்த்ததும் அவன் முகம் மலர்ந்தது.

"நல்லா வந்திருக்கேக்கா!"

"வராம போகட்டும்னு சில பேர் பாடுபட்டாங்க. இருந்தாலும் வந்துடுச்சு."

சொல்லிவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். அவன் அன்று சாத்தியதைவிட கொஞ்சம் பலமாகவே.

ஒரு நாள் கிளினிக்கில் கரண்ட் போய்விட்டது. டாக்டர் எல்லோரையும் அனுப்பிவிட, மதியமே வீடு திரும்பினாள். மாடி ஏறி வராந்தாவில் திரும்பியவள் அப்படியே நின்றாள்.

அவள் தொட்டிகளின் முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தான் மெக்கானிக். இரண்டு விரலுக்கு நடுவில் ஒரு பூ.

"கையை எடுங்க!"

அவன் திடுக்கிட்டு எழுவதற்குள் அவள் பக்கத்தில் வந்துவிட்டாள்.

"தேனீயை விரட்டினது பத்தாதா? இப்பப் பூவையும் நாசம் பண்ணக் கிளம்பிட்டீங்களா?"

அவன் கையை விரித்துக் காட்டினான். உள்ளே மெல்லிய பெயின்ட் பிரஷ் ஒன்று. அதன் நுனியில் மஞ்சளாக ஏதோ ஒட்டியிருந்தது.

"மகரந்தம்க்கா. ஓரத்துல இருக்கறத எடுத்து நடுவுல தடவணும். அழுத்தினா பூ கெட்டுடும். போன்ல வீடியோ பாத்துக் கத்துக்கிட்டேன்."

"நீங்களா? எப்பேருந்து?"

"உங்க பழம் கோணலா வந்துச்சே, அதுலேருந்து. மதியம் சாப்பிட வர்றப்போ ஒரு எட்டு பாத்துட்டுப் போவேன்."

அவள் தொட்டிக்குப் பக்கத்திலேயே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"அப்புறம் எதுக்குத் தம்பி அந்தக் கூட்டை எடுக்கச் சொன்னீங்க?"

அவன் தன் வீட்டுக் கதவை ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினான்.

"வீட்டுக்காரிக்கு தேனீ கொட்டினா மூச்சு அடைச்சுக்கும்க்கா. ஏற்கெனவே ஒரு தடவை ஆஸ்பத்திரியில போராடித்தான் காப்பாத்தினாங்க. நாலு பேர் ஐயோ பாவம்னு பாக்கறது அவளுக்குப் பிடிக்காது. அதான் யார்கிட்டயும் சொல்லல."

அவளும் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"என்கிட்டயாவது சொல்லியிருக்கலாமே... சரி, கூட்டை எடுத்தது நியாயம்தான். ஆனா இதெல்லாம் எதுக்கு? நான் உங்களை வாய்க்கு வந்தபடி பேசியிருக்கேன். ஒரு பழம்கூட உங்களுக்குக் கொடுத்ததில்ல."

அவன் மறுபடியும் குனிந்து அடுத்த பூவை மெதுவாகப் பிடித்தான்.

"அதுங்களை வேலையை விட்டு அனுப்பினது நான்தானேக்கா? அப்போ அந்த வேலையை நான்தானே பாக்கணும்?"