நின்ற இடம்

இசைத்தட்டு சுழலத் தொடங்கியதும் டெலியா ஈரக்கையைத் துடைத்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்தாள்.

அவள் வீட்டில் ரெக்கார்டு பிளேயர் கிடையாது. டப்ளினிலிருந்து நான்தான் கம்பளியில் சுற்றிக் காரில் கொண்டுவந்திருந்தேன்.

அவள் கணவர் போன குளிர்காலத்தில் இறந்திருந்தார். உள்ளே நுழைந்ததும் துக்கம் விசாரித்தேன். "ம்" என்று மட்டும் சொன்னாள்.

எங்கள் இசைக்குழுவின் ஐந்து பேருக்கும் இதுதான் முதல் தட்டு. ஊரெல்லாம் பேசுவதோ அதிலிருக்கும் ஒரேயொரு நடன மெட்டைப் பற்றி. இரண்டு வருடத்துக்கு முன் இதே சமையலறையில், வார்த்தையில்லாமல் வாயாலேயே டெலியா பாடிக்காட்ட, நான் டேப்பில் பிடித்துப்போனது. அப்போது சந்தை நாளாகப் பார்த்து வரச்சொல்லிக் கடிதம் போட்டிருந்தாள்.

மெட்டின் மூன்றாம் பகுதியில் எல்லா வாத்தியமும் சட்டென்று நிற்கும். இரண்டு தாள நேரம். பிறகு ஒன்றும் நடக்காததுபோலத் தொடரும்.

அந்த இடத்துக்கென்றே ஒரு பத்திரிகைக்காரர் ஒரு பத்தி ஒதுக்கியிருந்தார். மேற்குக் கடற்கரையின் ஆதி மூச்சாம். இப்போது எந்த மதுக்கடையில் வாசித்தாலும் அங்கே நிற்கிறார்கள். நிற்காமல் போகிறவனை, பாட்டே தெரியாதவன் என்று கிண்டல் செய்கிறார்கள்.

பத்திரிகை பாராட்டியது எனக்குப் போதவில்லை. சரியாக வாசித்திருக்கிறோம் என்று இவள் வாயால் கேட்க வேண்டும். தப்பென்று சொல்லிவிட்டால், இனி அதை எந்த முகத்தோடு மேடையில் வாசிப்பது?

முதல் பகுதிக்குத் தலையாட்டினாள். இரண்டாவதில் அவள் கால் தரையில் தாளம் போட்டது. எனக்கு உயிர் வந்தது.

மூன்றாவதில் இசை நின்றது. டெலியா விருட்டென்று திரும்பி ஜன்னலைப் பார்த்தாள்.

முற்றத்தில் ஒரு கோழி மேய்ந்துகொண்டிருந்தது.

தட்டு முடிந்ததும் கேட்டாள்: "ஏன்டா ஃபின்டன், நல்லா ஓடிட்டிருந்த பாட்ட நடுவுல ஏன்டா நிறுத்தித் தொலைச்சீங்க?"

"நீங்கதான அக்கா நிறுத்துனீங்க! டேப்புல அப்படித்தான் இருக்கு. நாங்க எதையும் மாத்தல."

அவள் எழுந்துபோய்க் கெட்டிலை அடுப்பிலிருந்து இறக்கினாள். தேநீர் போடவில்லை. கெட்டிலைப் பிடித்தபடியே நின்றாள்.

"அன்னிக்கு வாசக்கதவுல சத்தம் கேட்டுச்சு. அவரு சந்தையிலேருந்து சீக்கிரமே வந்துட்டாரோன்னு நிறுத்தினேன். பாடுறது அவரு காதுல விழுந்திருந்தா நான் தொலைஞ்சேன். கடைசில பாத்தா, காத்துதான்."

எனக்கு வெட்கமாக இருந்தது. எதற்கென்று பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

"இன்னொரு தரம் போடு" என்றாள்.

போட்டேன். நாற்காலியைத் திருப்பி, ஜன்னலுக்கு முதுகு காட்டி உட்கார்ந்தாள். தட்டோடு சேர்ந்து, முதலில் முணுமுணுப்பாக, பிறகு தெருவுக்கே கேட்கும்படி பாடினாள்.

மூன்றாம் பகுதி வந்தது. ஐந்து வாத்தியங்களும் நின்றன.

டெலியா நிற்கவில்லை.