எவ்விதத் தொடர்பும்

தொலைக்காட்சியின் அடியில் அவர் பெயர் மறுபடியும் ஓடியது.

சத்தத்தை முதலிலேயே குறைத்துவிட்டார். எழுத்தை என்ன செய்வது?

அடிப்படை உறுப்பினர் உள்ளிட்ட அனைத்துப் பொறுப்புகளிலிருந்தும் நீக்கம். கட்சியினர் யாரும் இவருடன் எவ்விதத் தொடர்பும் வைத்துக்கொள்ளக் கூடாது.

இரண்டு முறை எம்.எல்.ஏ. நெடுங்காலம் மாவட்டச் செயலாளர். அதெல்லாம் அந்த வரியில் இல்லை. காரணமும் இல்லை. நீக்கியவர்களுக்காவது தெரியுமோ என்னவோ.

எழுந்து வாசலுக்கு வந்தார்.

மற்ற நாளில் இந்நேரம் கால் வைக்க இடம் இருக்காது. சிபாரிசுக்கு வந்தவர்கள், முகத்தைக் காட்டிவிட்டுப் போக வந்தவர்கள், காப்பிக்காகவே வந்தவர்கள். இன்று ஒரு ஜோடி செருப்புதான் கிடந்தது.

அவருடையது.

வட்டச் செயலாளர் பைக்கில் வந்தான். அவன் கல்யாணத்தில் தாலி எடுத்துக் கொடுத்தவர் இவர். இவரைக் கண்டதும் சட்டென்று கைப்பேசியைக் காதில் வைத்துக்கொண்டு கடந்துபோனான். பாவம், அவசரத்தில் தலைகீழாக வைத்திருந்தான்.

எதிர்வீட்டு வாத்தியார் ஜன்னலைச் சாத்திக்கொண்டார். பால்காரர் பாலை மதில்மேல் வைத்துவிட்டு மணி அடிக்காமலே போயிருந்தார்.

கோபம் வரவில்லை. யாரைக் கோபிப்பது? அத்தனை பேருக்கும் உறுப்பினர் அட்டை வாங்கிக் கொடுத்ததே அவர்தான். மாவட்டத்திலேயே அதிகம் பேரைச் சேர்த்தவர் என்று மாநாட்டு மேடையில் வெள்ளி வாள் கொடுத்தார்கள். தெருவில் ஒருவரையும் விட்டுவைக்கவில்லை.

கட்டிய மனைவியையும்.

தமயந்தி இந்த வார்டின் கவுன்சிலர். பெண்களுக்கென்று வார்டு ஒதுக்கப்பட்டபோது அவர்தான் நிறுத்தினார். சுவரொட்டியில் அவள் படம் சின்னதாக இருந்தது, அவர் படம் பெரிதாக இருந்தது. நகர்மன்றக் கூட்டத்துக்குக் காரில் அனுப்பிவைப்பார். என்ன பேசுவது என்று சொல்லி அனுப்பமாட்டார். பேசாதே என்று சொல்லி அனுப்புவார்.

அடுக்களையில் பாத்திரச் சத்தம் கேட்டது. காலையிலிருந்து அவள் இந்தப் பக்கம் வரவில்லை.

ஊரே போகட்டும். அவள் ஒரு வார்த்தை பேசினால் போதும் என்றிருந்தது அவருக்கு. திட்டினாலும் சரி. அதைப் போய்க் கேட்கத்தான் நா எழவில்லை.

இதே வரி ஒரு காலத்தில் அவளுடைய அண்ணன் பெயருக்கும் வந்தது. நீக்கச் சொல்லித் தலைமைக்கு எழுதியவரே இவர்தான். அதற்கு அடுத்த மாதம் அண்ணன் மகளுக்குக் கல்யாணம். தமயந்தி பட்டுப்புடவை கட்டிக்கொண்டு இதே வாசலில் நின்றாள்.

"கட்சி சொன்னா சொன்னதுதான்" என்று சொல்லிக் கார் சாவியை பீரோவில் வைத்துப் பூட்டினார்.

அவள் அழவில்லை. உள்ளே போய்ப் புடவையை மாற்றிக்கொண்டு வந்து அவருக்குச் சாப்பாடு போட்டாள்.

அதற்குப் பிறகும் அவள் நாள் தவறாமல் சாப்பாடு போட்டாள். அதனால் மறந்துவிட்டாள் என்றே அவர் நினைத்திருந்தார்.

காலடிச் சத்தம்.

தமயந்தி வெளியே வந்தாள். கட்சிக் கரை போட்ட சேலை. இன்று நகர்மன்றக் கூட்டம்.

போர்ட்டிகோவில் டிரைவர் சவரிமுத்து காரைத் துடைத்துக்கொண்டிருந்தான். ஒவ்வொரு முறையும் ஏதாவது சாக்குச் சொல்லி அட்டை வாங்காமல் நழுவிய ஒரே ஆள் அவன்.

அவள் படியில் நின்றாள். கணவர் முகத்தைப் பார்த்தாள். நன்றாகவே பார்த்தாள். பிறகு டிரைவர் பக்கம் திரும்பினாள்.

"சவரிமுத்து, ஐயா காலையிலேர்ந்து ஒண்ணும் சாப்பிடலை. இட்லி எடுத்து வெச்சிருக்கேன். சாப்பிடச் சொல்லு."

கை நீட்டினால் தொடுகிற தூரத்தில்தான் அவர் நின்றார்.

சவரிமுத்து துணியைக் கையில் சுருட்டிக்கொண்டு இருவரையும் மாறி மாறிப் பார்த்தான். வேறு வழி தெரியவில்லை அவனுக்கு.

"ஐயா... அம்மா உங்களைச் சாப்பிடச் சொல்றாங்க."

மேடை மேடையாக மணிக்கணக்கில் பேசியவர். ஒரு வாக்கியத்தைச் சேர்ப்பதற்குள் பெரும்பாடாகிவிட்டது.

"அம்மா சாப்பிட்டாங்களான்னு கேளு."

கார்க் கதவைத் திறந்த தமயந்தி ஏறவில்லை.