முறுகல் ஓரம்

புதியவள் செய்த முதல் காரியமே தப்பு. வட்டமாகச் சீவிய உருளைக்கிழங்கு மொத்தத்தையும் குழாயில் காட்டி அலசிவிட்டாள்.

"சீவின பிறகு கழுவாதீங்க. அந்த மாவு இருந்தாதான் பால் கெட்டியாகும்" என்றாள் இவள், இந்த அடுப்படிக்குச் சொந்தக்காரி. குரலில் கோபம் இல்லை. பத்து நாளாக இவளுக்குக் கோபமும் வரவில்லை, பசியும் வரவில்லை. வேறு கிழங்குகளை எடுத்துக் கொடுத்தாள்.

எதிர்வீட்டுக்காரி ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்து, சமையலுக்கு ஆள் வைத்தாயிற்றா என்று விசாரித்தாள். வம்பு கிடைத்தால் அந்த அம்மாளுக்குச் சாப்பாடே வேண்டாம். இவள் ஜன்னலைச் சாத்திவிட்டு வெண்ணெயை உருக்கி, மைதாவைப் போட்டுக் கிளறி, பாலை ஊற்றச் சொன்னாள்.

புதியவள் மிளகாய்த்தூளைத் தேடினாள். "காரம் இல்லாம அவருக்கு இறங்காதே?"

"அவருக்கு மேலே தூவிக்கலாம். இது சின்னதுக்கு."

ஆறு வயதுச் சின்னது கூடத்தில் படம் வரைந்துகொண்டிருந்தது. எலும்பும் தோலுமான பெண். எதைக் கொடுத்தாலும் வாயை இறுக மூடிக்கொள்ளும். இது ஒன்றுதான் உள்ளே போகும். ருசி கொஞ்சம் மாறினாலும் பட்டினிதான். அந்தக் கவலை ஒன்றுதான் இவளுக்குள் இன்னும் உயிரோடு இருந்தது.

கிழங்கு, பால், சீஸ் என்று புதியவளே அடுக்கினாள். ஓவனில் நாற்பது நிமிடம் மூடி, பதினைந்து நிமிடம் திறந்து. ஓரம் முறுகினால்தான் சின்னது தொடும் என்று இவள் இரண்டு தடவை சொன்னாள். தட்டை இறக்கும்போது இவள் விரலில் சுட்டது. சுட்டது தெரிந்தது, வலிக்கவில்லை.

சின்னது ஒரு வாய் தின்றது. யோசித்தது. பிறகு இன்னும் வேண்டும் என்று தட்டை நீட்டியது, புதியவளிடம்.

இவளுக்கு அழுகை வந்திருக்க வேண்டும், வரவில்லை. மரத்துப்போய் நின்றாள்.

வாசலில் செருப்பை மாட்டியபடி புதியவள் தயங்கினாள். "பாப்பா என்னை எப்படிக் கூப்பிடுவா?"

"அவங்கப்பாகிட்டதான் வளரணும்னு கோர்ட்டே சொல்லிடுச்சு." இவள் கதவைப் பிடித்துக்கொண்டாள். "சித்தின்னு நினைச்சா உங்க கையால சாப்பிட மாட்டா. அம்மான்னே கூப்பிடச் சொல்லிட்டேன்."