ஆறாவது பதிவு

செயல்விளக்கத்துக்கு நாலு மணி நேரமே இருந்தது. கர்ப்பிணியின் வயிற்றில் பதிவாகும் சிக்னலை ஒன்றோடொன்று கலக்காதபடி ஒன்றுக்கொன்று செங்குத்தான அலைகளாகப் பிரித்து, தாயின் துடிப்பைக் கழித்துவிடும் நிரல், பொறியாளரான அவள் எழுதியது. மிஞ்சுவது குழந்தையின் துடிப்பு. கர்ப்பமில்லாதவர்களிடம் எதுவும் மிஞ்சக் கூடாது. அதைச் சோதிக்க ஆபீஸ் பெண்கள் ஆறு பேரும் பெயர் போடாமல் பதிவு கொடுத்திருந்தார்கள்.

"அஞ்சுல பூஜ்யம். ஆறாவதுல என்னமோ துடிக்குதேம்மா! உன் அலைங்க செங்குத்தாவே இல்ல. ஒரு வருஷ உழைப்பு அம்பேல். பழைய முறைக்கே போயிடலாம்," என்றார் மேலாளர்.

"செங்குத்தாத்தான் இருக்கு சார்."

"அப்போ அந்தத் துடிப்பு என்ன, ஆகாசத்துலேர்ந்தா குதிச்சுது?"

அவள் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டாள்.

"வேலைய வேற ஆளுக்கு மாத்திடுவீங்கன்னு பயந்து சொல்லல சார். ஆறாவது பதிவு என்னோடது. எனக்கு இது அஞ்சாவது மாசம்."