பதினோரு பதில்கள்

பதினோரு தாள்களையும் அவர் ஒவ்வொன்றாகப் புரட்டினார். எல்லாவற்றிலும் ஒரே வாசகம்தான்.

எதிரே, டிவி நிலையத்துப் பார்வையாளர் அறையின் பிளாஸ்டிக் நாற்காலி நுனியில் அந்த அம்மா உட்கார்ந்திருந்தார். முகத்தில் பெருமை தாங்கவில்லை.

“வெளிநாடு போனதுலேர்ந்து ஒரு கடுதாசிக்கும் பதில் போடாத பையன், தம்பி. நீங்க டிவியில சொல்லிக் குடுத்த மாதிரி ஈமெயில் அனுப்பினேன், அடுத்த நிமிஷமே பதில் போட்டுட்டான்! கம்ப்யூட்டர் சென்டர்க்காரர் என்னமோ எல்லாம் திரும்பி வந்துடுச்சுங்கறார். அவருக்கு என்ன தெரியும்? இங்கிலீஷ்ல இருக்கு, நீங்க படிச்சுச் சொல்லுங்க.”

ஞாயிறுதோறும் காலை பத்து மணிக்கு, இன்டர்நெட் என்றால் என்னவென்று டிவியில் ஊருக்கே பாடம் நடத்துபவர் அவர். கடைத்தெருவில் நடந்தால் நாலு பேர் நின்று பார்ப்பார்கள்.

மூன்றாவது வாரம், ஈமெயில் முகவரி எப்படி இருக்கும் என்று பலகையில் எழுதிக் காட்டினார். முதலில் ஆளின் பெயர், பிறகு ‘@’ என்று ஒரு சுழி, அதன்பின் டிவி நிலையத்தின் பெயர். இது சும்மா ஓர் உதாரணம், அவரவர் முகவரியை அவரவரிடம்தான் கேட்டு வாங்க வேண்டும் என்று சொல்ல வாயெடுத்தபோது, நேரமாகிவிட்டது என்று தயாரிப்பாளர் கை காட்டினார். இதுகூடவா ஜனங்களுக்குத் தெரியாது என்று சிரித்துக் கும்பிட்டு முடித்துவிட்டார்.

இந்த அம்மாவுக்குத் தெரியவில்லை.

பெயர் இருந்த இடத்தில் மகன் பெயரைப் போட்டு, மீதியை அப்படியே வைத்துக்கொண்டு வாராவாரம் அனுப்பியிருக்கிறார். கடல் தாண்டிப் போனதாக அந்த அம்மா நம்பிய கடிதமெல்லாம் இதே கட்டிடத்தின் மாடிக்குத்தான் வந்திருக்கிறது. அங்கிருக்கும் கம்ப்யூட்டர், இந்தப் பெயரில் இங்கே யாரும் இல்லை என்று பதினோரு முறை தானாகவே பதில் அனுப்பியிருக்கிறது.

சொல்லிவிட வேண்டியதுதான். ஆனால் அதைச் சொன்னால், தப்பு யாருடையது என்பதையும் சொல்ல வேண்டும். அவர் தொண்டையைச் செருமிக்கொண்டார். அந்த அம்மா அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“நல்லா இருக்கேன், கவலைப்படாதேன்னு எழுதியிருக்காரும்மா.”

சொன்னது தன் வாய்தானா என்று அவருக்கே சந்தேகமாகிவிட்டது. காதெல்லாம் சுட்டது. கேமரா முன்னால் ஒருநாளும் கூசாத உடம்பு, இந்த ஒரு அம்மாவின் முன்னால் கூனிக் குறுகிப்போனது.

அந்த அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு, தாள்களை வாங்கி ஓரம் தட்டி அடுக்கிப் பைக்குள் வைத்தார். எழுந்தவர், ஒரே ஓர் உதவி என்றார். அந்த சென்டர்க்காரர் வாயை அடைக்க வேண்டுமாம். அனுப்பினால் உடனே பதில் வரும் என்று டிவியிலேயே ஒரு தடவை சொல்லிவிட வேண்டுமாம்.

அவர் தலையை ஆட்டி வைத்தார். வாசல்வரை கூடப் போய் வழியனுப்பினார். நிமிர்ந்து முகம் பார்க்க முடியவில்லை.

மதியம் தயாரிப்பாளர் அந்த வாரத்துக்கான குறிப்பைக் கொண்டுவந்து மேஜைமேல் வைத்தார். நேயர்கள் நிறையப் பேர் கேட்டிருந்த சந்தேகம்: அனுப்பிய ஈமெயில் போய்ச் சேராமல் திரும்பி வந்தால், அதை எப்படிக் கண்டுபிடிப்பது?

அவர் அதை இரண்டு முறை படித்தார். பிறகு குறிப்பைத் திருப்பி நீட்டினார்.

“இது வேணாம் சார். ஜனங்களுக்குப் புரியாது.”