உள்ளே போன கோடு

அந்தக் கரட்டுக்காட்டில் மண்குறி பார்க்க ஓணானை விட்டால் ஆளில்லை. தரையில் விழுந்திருக்கும் கோடுகளைப் பார்த்துப் பலன் சொல்லும். சொல்லிவிட்டு, ஆமாம் ஆமாம் என்று தானே தலையாட்டிக்கொள்ளும்.

வயலில் வெள்ளம் ஏறி வீடிழந்த எலி, குட்டிகளோடு அதனிடம் ஓடி வந்தது. மேட்டில் ஒரு காலி வளையைப் பார்த்து வைத்திருந்தது.

"குடி போகலாமாண்ணே?"

ஓணான் வளை வாசலில் குனிந்தது. புழுதியில் ஒரே ஒரு கோடு, வளைந்து நெளிந்து உள்ளே போயிருந்தது.

"அடேயப்பா! இப்படி ஒரு கோட்டை என் ஆயுசுல பார்த்ததில்ல தங்கச்சி. எங்கயும் அறுபடல பாரு. சீதேவியே நேரா உன் வீட்டுக்குள்ள போயிருக்கா!"

"ஒரு தடவை மோந்து பார்த்துக்கிறேனே?"

"குறி சொன்ன பிறகு சந்தேகப்பட்டா பலிக்காது. கோட்டை மிதிக்காம பிள்ளைகளை முதல்ல அனுப்பு."

குட்டிகள் ஓரமாகத் தாவித் தாவி உள்ளே ஓடின. ஓணான் தலையாட்டிக்கொண்டே இருந்தது.

பின்னாலேயே போகக் காலைத் தூக்கிய எலி, கோட்டைப் பார்த்தது. தூக்கிய காலைக் கீழே வைக்கவில்லை.

"அண்ணே... உள்ள போன கோடு இருக்கு. வெளிய வந்த கோடு எங்கே?"

ஓணானின் தலை அன்றைக்குத்தான் முதல் தடவையாக ஆடாமல் நின்றது.